ஓல்ட்பாய் முடிவும் உடையார்குடி கல்வெட்டும்

போன வாரம் கும்பகோணத்தில் நண்பர் வீட்டில் 'ஓல்ட்பாய்' மறுபடி பார்த்தோம். பார்க் சான்-வூக் 2003-ல் எடுத்த கொரியப் படம். இன்னும் பார்க்காதவங்க அடுத்த பத்தியைத் தாண்டிடுங்க, முடிவைச் சொல்லப் போறேன்.

காரணமே தெரியாமல் 15 வருஷம் அடைபட்டுக் கிடந்தவன் ஓ டே-சு. வெளியே வந்த பிறகு அவன் காதலிக்கும் மி-டோ அவனுடைய சொந்த மகள் என்பது கடைசியில்தான் அவனுக்குத் தெரிகிறது. பழிவாங்கியவன் போட்ட திட்டமே அதுதான். அவளுக்கு அது தெரியவே தெரியாது. பனிக்காட்டில் ஹிப்னாடிச நிபுணரிடம் அந்த நினைவை அழிக்கச் சொல்கிறான் டே-சு. மி-டோ வந்து அணைத்துக்கொள்ளும்போது அவன் சிரிக்கிறான், அந்தச் சிரிப்பு மெல்லக் கோணிப் போகிறது. மறந்தானா, இல்லையா? நண்பர் "மறக்கலை" என்று அடித்துச் சொன்னார். எனக்கு என்னவோ உடையார்குடி ஞாபகம் வந்தது.

சோழ நாட்டிலும் முடிவு பிடிபடாத பழிவாங்கல் கதை ஒன்று உண்டு. சுந்தர சோழரின் மூத்த மகன் ஆதித்த கரிகாலன் வீரபாண்டியனின் தலையைக் கொய்து, அதைத் தன் நகரில் வெற்றித் தூணாக நிறுத்தினான் என்று திருவாலங்காட்டுச் செப்பேடு சொல்கிறது. 970-ஐ ஒட்டி அவனே கொல்லப்பட்டான். அந்தச் செப்பேடு கொலையைப் பற்றி வாயே திறக்கவில்லை. சொர்க்கத்தைப் பார்க்கும் ஆசையில் மறைந்தான் என்று நாசூக்காக முடித்துவிடுகிறது.

கொன்றவர்கள் பெயர் கிடைப்பது காட்டுமன்னார்கோயில் உடையார்குடி அனந்தீசுவரர் கோயில் கல்வெட்டில். அணைக்கரை தாண்டி, வீராணம் ஏரியை ஒட்டின ஊர். அன்றைக்கு வீரநாராயணச் சதுர்வேதிமங்கலம். சோமன், அவன் தம்பி ரவிதாசனான பஞ்சவன் பிரமாதிராஜன், அடுத்த தம்பி பரமேசுவரனான இருமுடிச்சோழ பிரமாதிராஜன் என்று அது பெயர் சொல்கிறது. 'பஞ்சவன்' என்றால் பாண்டியன், ஆகவே இது பாண்டியப் பழி என்கிறோம். சரிதான், ஆனால் கூடப் பிறந்த தம்பியின் பட்டத்தில் சோழன் இருக்கிறானே! போதாததுக்கு ராஜராஜனின் தேவியரில் ஒருத்தி பெயரே பஞ்சவன் மாதேவி. பட்டத்தை மட்டும் வைத்து ஆள் எந்தப் பக்கம் என்று சொல்லிவிட முடியாது.

கல்வெட்டு ராஜராஜனின் 2-ஆம் ஆட்சியாண்டு, அதாவது கொலைக்கு ஏறக்குறைய 16 வருஷம் கழித்து. நடுவில் ஆண்டவர் உத்தம சோழர். அவர் மேல் நீலகண்ட சாஸ்திரி சந்தேகப்பட்டார், சதாசிவ பண்டாரத்தார் அதை மறுத்தார். நான் பண்டாரத்தார் கட்சி. காரணம், அந்தக் கல்வெட்டை நாம் தீர்ப்பு மாதிரி வாசிக்கிறோம், ஆனால் அது தீர்ப்பே இல்லை. துரோகிகளின் உறவினர் சொத்தைக் கையகப்படுத்தி விற்க அரசன் அனுப்பிய ஓலை, அதை மேற்பார்க்க வந்த கொட்டையூர்க்காரர் ஒருவர், புள்ளமங்கலத்துக்காரர் ஒருவர், பிறகு அந்த நிலத்தை வாங்கிய வியாழகஜமல்லன் கோயிலில் தண்ணீருக்கும் பிராமணர் உணவுக்கும் விட்ட அறக்கட்டளை, அவ்வளவுதான். சுருக்கமாச் சொன்னா கிரயப் பத்திரம். குற்றவாளிகளுக்கு என்ன தண்டனை, யார் ஆட்சியில், எப்போது என்று அதில் ஒரு வரி கிடையாது. 16 வருஷம் ஒன்றுமே நடக்கவில்லை என்பது நாமாகப் போட்டுக்கொண்ட கணக்கு.

கல்கியும் 'பொன்னியின் செல்வ'னில் கொலையாளி யார் என்று உறுதியாகச் சொல்லாமல்தான் விட்டார். அது நாவலாசிரியர் உரிமை. நம்ம ஆளுங்க அப்படி விடுவதில்லை. கொலையாளிகள் பிராமணர்கள் என்பதை வைத்து ஒரு கட்சி, உத்தமரை வைத்து இன்னொரு கட்சி.

இந்தச் சண்டையில் யார் கண்ணிலும் படாத ஒரு பட்டியல் அதே கல்வெட்டில் இருக்கிறது. துரோகிகளின் பிள்ளைகள், பெரியப்பன்மார், பெண் கொடுத்த மாமன்மார், தாய்மாமன்மார், கூடப்பிறந்த பெண்களைக் கட்டியவர்கள், மகள்களைக் கட்டியவர்கள் என்று அத்தனை பேர் சொத்தும் போகிறது. சம்பந்தம் செய்த ஒரே குற்றத்துக்கு! விற்கப்பட்ட நிலத்துக்கு உரியவர்களாகப் பெயர் வருவது ரேவதாச கிரமவித்தன், அவன் மகன், அவன் தாய் பெரிய நங்கைச் சாணி.

நண்பரிடம் இதைச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்போ அந்தப் பாட்டிதான் மி-டோ" என்றார். இருக்கலாம். பேரன் இருந்தான் என்பதால் பாட்டி என்கிறோம். நிலம் போன பிறகு அவள் எங்கே போனாள் என்று அந்தச் சுவரில் இல்லை.