கருத்துக்கணிப்பு: நம்பும் முன் நாம் கேட்க வேண்டிய கேள்விகள்

தேர்தல் நெருங்கினால் லெப்பைக்குடிகாடு, வி.களத்தூர் தொடங்கி வளைகுடாவில் இருக்கும் நம் பிள்ளைகள் வரை எல்லோருடைய வாட்ஸ்அப்பிலும் ஒரு "கருத்துக்கணிப்பு" வந்துவிடுகிறது. பெரம்பலூரில் இவருக்கு இத்தனை சதவீதம், அரியலூரில் அவருக்கு இத்தனை என்று இருக்கும். எடுத்தது யார், எத்தனை பேரிடம் கேட்டார்கள் என்பது மட்டும் இருக்காது. அதைப் பார்த்து, "நம் ஓட்டு விழுந்து என்ன ஆகப்போகிறது" என்று வீட்டிலேயே இருந்துவிடுபவர்களும் உண்டு.

பிரிட்டனில் ஒரு கூட்டமைப்பு

பிரிட்டனில் கணிப்பு நிறுவனங்கள் சேர்ந்து 2004இல் பிரிட்டிஷ் போலிங் கவுன்சில் என்ற அமைப்பைத் தொடங்கின. கணிப்பு சரியாக இருக்கும் என்று இது உத்தரவாதம் தருவதில்லை. எல்லாவற்றையும் வெளிப்படையாக வைக்க வேண்டும் என்பதே இதன் விதி. பணம் கொடுத்தவர் யார், எந்தத் தேதிகளில், எந்த முறையில், எத்தனை பேரிடம் கேட்கப்பட்டது, கேள்வியின் முழு வாசகம் என்ன என்பதை உறுப்பு நிறுவனங்கள் வெளியிட்டாக வேண்டும்.

2015 பொதுத்தேர்தலில் இரு பெரிய கட்சிகளும் சமநிலையில் இருப்பதாகக் கணிப்புகள் கூறின. ஆனால் கன்சர்வேடிவ் கட்சி பெரும்பான்மை பெற்றது. உடனே கவுன்சிலும் சந்தை ஆய்வுச் சங்கமும் பேராசிரியர் பேட்ரிக் ஸ்டர்கிஸ் தலைமையில் விசாரணைக் குழு அமைத்தன. கேட்கத் தேர்ந்தெடுத்த ஆட்கள் ஒட்டுமொத்த வாக்காளர்களைப் பிரதிபலிக்கவில்லை என்பதே முக்கியக் காரணம் என 2016இல் அக்குழு அறிவித்தது.

இந்தியாவில்

மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 126ஏ பிரிவு, முதல் கட்ட வாக்குப்பதிவு தொடங்கியது முதல் கடைசிக் கட்டம் முடிந்து அரை மணி நேரம் வரை வாக்குக்கணிப்பு முடிவுகளை வெளியிடத் தடை விதிக்கிறது. கணிப்பை வெளியிடும் நாளிதழ்கள், நடத்திய நிறுவனம், நடத்தச் சொன்னவர், கேட்கப்பட்டோர் எண்ணிக்கை, பிழை வரம்பு ஆகியவற்றைக் குறிப்பிட வேண்டும் என்பது இந்தியப் பத்திரிகை கவுன்சிலின் வழிகாட்டுதல்.

நம் ஊர்க் கணக்கு

முறையாகத் தேர்ந்தெடுத்த 1000 பேரிடம் கேட்டாலும் முடிவு சுமார் 3 சதவீதம் கூடவோ குறையவோ செய்யலாம். அரியலூர், ஜெயங்கொண்டம், குன்னம் பகுதிகள் அடங்கிய சிதம்பரம் மக்களவைத் தொகுதியில் 2019இல் தொல். திருமாவளவன் வென்றது 3,219 வாக்குகளில். அது அரை சதவீதம்கூட இல்லை. அத்தகைய போட்டியில் வெற்றியை எந்தக் கணிப்பும் அடித்துச் சொல்ல முடியாது.

"முஸ்லிம் ஓட்டு இந்தப் பக்கம்" என்ற கணிப்பு இன்னும் பலவீனமானது. 2011 கணக்கெடுப்பின்படி தமிழக மக்களில் நாம் சுமார் 6 சதவீதம். 1000 பேரில் ஏறத்தாழ 60 பேர்தான் நம்மவர். அத்தனை சிறிய எண்ணிக்கையில் பிழை வரம்பு சுமார் 13 சதவீதமாகிவிடும்.

ஆகவே யார் எடுத்தது, யார் பணம், எத்தனை பேர், எப்போது, எப்படி என்ற ஐந்துக்கும் பதில் இல்லாத கணிப்பை நாம் பிறருக்கு அனுப்ப வேண்டாம். பதில் இருந்தாலும் அது ஒரு மதிப்பீடுதான். முடிவைத் தீர்மானிப்பது வாக்குச்சாவடியில் நாம் போடும் ஓட்டு.