சேலத்திலிருந்து வந்த 'காடு'



2021ஆம் ஆண்டு பிப்ரவரியில் 'மான்ஸ்டர் ஹன்டர்' என்னும் ஆங்கிலப் படம் இந்தியாவில் தமிழ்க் குரலோடும் வெளிவந்தது. இத்தகைய படங்களைக் கைப்பேசியில் கண்டு களிக்கும் நம் மாணவர்கள், பெருவிலங்கு வேட்டைக் கதை தமிழ் பேசத் தொடங்கியது அண்மையில்தான் என்று எண்ணுகின்றனர். 1952ஆம் ஆண்டிலேயே அது பேசிவிட்டது, அதுவும் சேலத்திலிருந்து!

சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் நிறுவனர் டி. ஆர். சுந்தரம் துணிச்சல் மிக்கவர். மலையாளத்தின் முதல் பேசும் படமான 'பாலன்' (1938) அவர் தயாரிப்பே. அவர் அமெரிக்க லிப்பர்ட் நிறுவனத்தோடு சேர்ந்து 'தி ஜங்கிள்' படத்தை உருவாக்கினார். அதன் தமிழ் வடிவமே 'காடு'. இயக்கியவர் வில்லியம் பெர்க். இம்முயற்சியில் எல்லிஸ் ஆர். டங்கனுக்கும் பங்குண்டு. எம்.ஜி.ஆர். அறிமுகமான 'சதிலீலாவதி' (1936) முதல் 'மந்திரி குமாரி' (1950) வரை, தமிழறியாமலேயே தமிழ்ப் படங்களை இயக்கிய அமெரிக்கர் அவர். (தமிழ் வீட்டில் பிறந்தும் தமிழ் வராது என்போர் சற்றே எண்ணிப் பார்க்கலாம்.)

கதை எளியது. காட்டு யானைகள் மிரண்டோடி ஊர்களை அழிக்கின்றன. காரணம் காண இளவரசி மாரி ஓர் அமெரிக்க வேட்டைக்காரருடன் காடு புகுகிறார். அங்கே உலவுவன, உலகைவிட்டு என்றோ மறைந்த உரோமம் அடர்ந்த பனியுக யானைகள்! கணினி வரைகலை இல்லாத காலம் அது. நம் யானைகளுக்கே சடைமயிர் போர்த்திப் படமெடுத்தார்கள். அயல்நாட்டுப் பூதம் என்று அஞ்சி நோக்கியது நம்மூர் யானையைத்தான்.

இளவரசி மாரியாக நடித்தவர் மேரி வின்ட்சர்; ராம சிங்காக நடித்தவர் சீசர் ரொமேரோ. இருவரும் ஹாலிவுட் கலைஞர்கள். நம் நம்பியாருக்கும் ஒரு வேடம் கிடைத்தது. ஆயினும் காட்டின் மர்மத்தைத் துலக்குபவர் கடல் கடந்து வந்த துப்பாக்கிக்காரர். களிறு, பிடி, வேழம் என யானைக்கு எத்தனையோ பெயரிட்ட மொழியில், யானையைப் பற்றி அவரே நமக்கு விளக்குகிறார்.

இதற்கு முன்பே, 1944இல், ஏ.வி. மெய்யப்பன் கன்னட அரிச்சந்திரன் படத்திற்குத் தமிழ்க் குரல் சேர்த்து வெளியிட்டிருந்தார். அங்கே இவ்வுறுத்தல் இல்லை. கதை இரு மொழியார்க்கும் பொது. 'காடு' படத்திலோ சொற்கள் தமிழாயின, பார்வை தமிழாகவில்லை. 2019இல் 'அவெஞ்சர்ஸ் எண்ட்கேம்' படத்துக்கு விஜய் சேதுபதி குரல் கொடுத்தபோதும் நிலைமை பெரிதும் மாறிவிட்டதாக எனக்குத் தோன்றவில்லை. எனினும் இப்படங்களைப் பிள்ளைகளுக்குத் தடை செய்வதில் எனக்கு உடன்பாடில்லை. பார்த்து முடித்த பின், "இக்கதையில் அறிந்தவர் யார், அறியாதவராகக் காட்டப்பட்டவர் யார்?" என்று கேட்கலாம். கட்டுரைப் பயிற்சிக்கும் அது நல்ல தலைப்பு.

ரெங்கம் பிள்ளைகளுக்கு இன்னொரு கேள்வியும் பொருந்தும். நம் குளுவாங் மாவட்டத்தில் கஹாங் பக்கம் காட்டு யானைகள் செம்பனைத் தோட்டங்களுக்குள் இறங்குவதைச் செய்திகளில் காண்கிறோம். அவற்றை விரட்டியவை பனியுக விலங்குகள் அல்ல. இன்று செம்பனை நிற்கும் நிலங்களில் பலவும் முன்பு அவை நடமாடிய காடுகள்.