பரங்கிப்பேட்டை இரும்பாலை

கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் இடையில், வெள்ளாறு கடலில் சேரும் இடத்தில் உள்ள ஊர் பரங்கிப்பேட்டை. ஐரோப்பியர் இதைப் போர்ட்டோ நோவோ என்று அழைத்தனர். 1781ஆம் ஆண்டு சூலை 1ஆம் நாள் ஐதர் அலிக்கும் அயர் கூட்டின் படைக்கும் இங்கு நடந்த போர் பாடநூல்களில் இடம்பெற்றிருக்கிறது. இவ்வூரின் இரும்பாலையோ அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. சாம்சட்பூரில் டாட்டா ஆலை 1911இல் இரும்பு வடிப்பதற்கு எண்பது ஆண்டுகளுக்கு முன்பே, ஐரோப்பிய முறையில் பேரளவில் இரும்பு உருக்கும் பணி 1830இல் இங்கு தொடங்கிவிட்டது.

இந்த ஊரில் இரும்புத் தாது கிடையாது. தாது இருப்பது ஏறத்தாழ 200 கிலோமீட்டர் மேற்கே, சேலம் பகுதியில். அங்குள்ள கஞ்சமலை போன்ற குன்றுகளில் மேக்னடைட் என்னும் காந்தத் தன்மையுள்ள கருந்தாது வெண்படிகக் கல்லோடு பட்டை பட்டையாகக் கலந்து கிடக்கிறது. தூய மேக்னடைட்டில் 72 விழுக்காடு இரும்பு; பாறையாக வெட்டும்போது அதில் பாதியளவே தேறும். எனவே உள்ளூர் உலையாளர்கள் அதை இடித்துப் பொடியாக்கிப் புடைத்தோ நீரில் அலசியோ கல்லை நீக்கினர். மழைக்குப் பின் ஓடைகளில் படியும் கருமணலையும் வாரிக்கொண்டனர்.

அவர்களுடைய தொழில்நுட்பம் எளிய கருவிகளால் ஆனது. ஆனால் எளிய அறிவால் ஆனதன்று. ஆளுயரத்துக்கும் குறைவான மண் உலை, ஆட்டுத்தோல் துருத்தி, மரக்கரி இவ்வளவே. இதில் கிடைத்த இரும்பைத் துண்டுகளாக்கி, சிறு மண்மூசைகளில் ஆவாரம் விறகுத் துண்டோடு வைத்து, எருக்கிலையால் மூடி, வாயைக் களிமண்ணால் அடைத்துவிடுவர். இருபதுக்கு மேற்பட்ட மூசைகளை ஒன்றாக அடுக்கி இரண்டரை மணி நேரம் ஊதினால் விறகிலும் இலையிலும் உள்ள கரி இரும்பில் ஏறி உருக்காகும். மூசைக்குள் காற்று புகாதிருப்பதும் கரியின் அளவும்தான் இதன் நுட்பம். ஐரோப்பியர் ‘வூட்ஸ்’ என்று எழுதிய பெயர் ‘உருக்கு’ அல்லது கன்னட ‘உக்கு’ என்னும் சொல்லிலிருந்து வந்தது என்பர். மைக்கேல் பாரடே 1819 முதல் சில ஆண்டுகள் இதன் இயல்பை அறிய ஆய்வுகள் செய்தார்.

சேலத்தில் கிழக்கிந்தியக் கம்பெனியின் அலுவலராக இருந்த சோசையா மார்சல் ஹீத் இந்த உலைகளை நேரில் கண்டவர். மேலே சொன்ன செய்முறையை விரிவாக எழுதிவைத்தவர்களுள் அவரும் ஒருவர். எகிப்தின் கல்தூண்களைச் செதுக்கிய உளிகளே இந்திய உருக்கால் ஆனவையாக இருக்க வேண்டும் என்று வாதிடும் அளவுக்கு அவருக்கு இதில் மதிப்பு இருந்தது. (சான்றை மிஞ்சிய வாதம்தான்.) இத்தகைய தாதை இங்கிலாந்து முறை ஊதுலையில் இட்டால் சுவீடன் இரும்புக்கு நிகரானதை மலிவாகச் செய்யலாம் என்பது அவர் கணக்கு. வேலையை விட்டார், சென்னை அரசிடம் தனியுரிமையும் முன்பணமும் பெற்றார்.

பரங்கிப்பேட்டையை அவர் தேர்ந்ததற்குக் காரணங்கள் இருந்தன. கப்பலேற்றத் துறைமுகம் உண்டு. கசடு பிரிக்கச் சுண்ணாம்புக்கல்லுக்குப் பதிலாகக் கழிமுகத்துச் சிப்பிகள் கிடைத்தன. தாதைப் பரிசல்களில் ஆற்றுவழியே கொண்டுவர முடிந்தது. இரும்பும் தரமாகவே வந்தது. செபீல்டு நகரத்து உருக்கு ஆலைகள் அதை வாங்கின. வேல்சு நாட்டில் 1850இல் திறக்கப்பட்ட பிரிட்டானியா பாலத்திலும் அது பயன்பட்டதாகச் சொல்லப்படுகிறது.

வராதது கரி. நிலக்கரி இல்லாததால் ஊதுலைகள் முழுக்க மரக்கரியையே நம்பின. ஒரு டன் மரக்கரி எடுக்க நான்கைந்து டன் விறகாவது வேண்டும். ஒரு டன் இரும்புக்கோ ஒரு டன் கரி போதாது. அருகில் இருந்த காடுகள் கரைந்தன. கரி வரும் தொலைவு கூடிக்கொண்டே போயிற்று. 1833இல் கூட்டுப் பங்கு நிறுவனமாகவும், 1853இல் கிழக்கிந்திய இரும்புக் கம்பெனியாகவும் முதலாளிகள் மாறினர், கணக்கு மாறவில்லை. மலபார்க் கரையில் பேப்பூர், காவிரிக் கரையில் பூலாம்பட்டி, திருவண்ணாமலை என்று கிளைகள் வைத்ததையும் விறகைத் துரத்திய ஓட்டமாகவே பார்க்கத் தோன்றுகிறது. 1860களில் பரங்கிப்பேட்டை உலைகள் அணைந்தன.

ஹீத்தின் நிர்வாகத் திறமையின்மையே தோல்விக்குக் காரணம் என்று சிலர் எழுதுவர். பணத்தில் அவர் கெட்டிக்காரரல்லர் என்பது உண்மையே. உருக்கில் மாங்கனீசு சேர்த்தால் அது நன்கு பற்றும் என்று கண்டு 1839இல் காப்புரிமை பெற்றார். செபீல்டு உற்பத்தியாளர்கள் முறையைச் சற்றே மாற்றிக்கொண்டு அவருக்குப் பணம் தர மறுத்தனர். வழக்கு அவர் 1851இல் இறந்த பின்னும் நடந்து, 1855இல் அவருக்கு எதிராகவே முடிந்தது. ஆனால் எத்தனை நல்ல நிர்வாகியாலும் அந்தக் காட்டை வளர்த்திருக்க முடியாது. உள்ளூர் உலையாளர்களின் சிறு உலை குறைந்த கரியில் ஓடியது. கரி குறைந்தால் வேறிடம் போயிற்று. ஊதுலையால் அப்படி எழுந்து போக முடியாது.

ஆனாலும் அந்தச் சிறு உலைகளும் தப்பவில்லை. இங்கிலாந்திலிருந்து மலிவான இரும்பு வந்திறங்கியது. 1882ஆம் ஆண்டின் சென்னை வனச் சட்டத்துக்குப் பின் ஒதுக்குக் காடுகளில் கரி எடுப்பது கட்டுப்பாட்டுக்குள் வந்தது. கொடுமணல் அகழாய்வில் காணும் சங்ககால உலைகள் தொட்டு வந்த ஒரு தொழில் சேலம் பகுதியில் மெல்ல மறைந்தது. சங்க நூல்கள் கொல்லன் உலையையும் துருத்தியையும் பலவிடங்களில் உவமையாக ஆள்வது நமக்கு இன்று உரை பார்த்துப் புரிந்துகொள்ளும் செய்தியாகிவிட்டது.

பரங்கிப்பேட்டைக்கு ஏறத்தாழ 30 கிலோமீட்டர் மேற்கே, நெய்வேலி மண்ணுக்கடியில், பழுப்பு நிலக்கரி அப்போதும் இருந்தது. 1930களில் கிணறு தோண்டும்போதுதான் அது தென்பட்டது. தெரிந்திருந்தாலும் ஹீத்தின் உலையில் அப்படியே இட்டிருக்க முடியாது. அது ஈரம் மிகுந்தது, எளிதில் நொறுங்குவது. 1956இல் நெய்வேலி நிறுவனம் அமைந்த பின், சேலம் தாதையும் நெய்வேலிக் கரியையும் சேர்த்து உருக்காலை அமைக்கும் திட்டம் பல ஆண்டுகள் ஆராயப்பட்டது. முடிவில் 1980களின் தொடக்கத்தில் கஞ்சமலை அடிவாரத்தில் இயங்கத் தொடங்கிய சேலம் உருக்காலை, வெளியிலிருந்து வந்த துருப்பிடிக்கா எஃகைத் தகடாக்கும் ஆலையாகவே அமைந்தது. மலைத் தாது அதன் உலைக்குப் போகவில்லை.