பிரிஸ்டல் திறந்த வாயில்

இரண்டாம் உலகப் போருக்குப் பின் ஆள் பற்றாக்குறையால் தவித்த பிரிட்டன், மேற்கிந்தியத் தீவுகளின் கறுப்பின மக்களை வேலைக்கு அழைத்தது. ஆயினும் பிரிஸ்டல் நகரப் பேருந்துகளில் நடத்துநர் பணி அவர்களுக்கு மறுக்கப்பட்டது. நிர்வாகம் மட்டுமன்று, தொழிலாளர் ஒற்றுமை பேசிய தொழிற்சங்கத்தின் உள்ளூர்ப் பிரிவும் 1955-இல் இந்நிறத்தடைக்கு ஆதரவாகத் தீர்மானம் நிறைவேற்றியிருந்தது.

1963 ஏப்ரலில் கய் பெய்லி என்னும் இளைஞரின் நேர்முகத் தேர்வு, அவர் கறுப்பர் என்றறிந்ததும் கைவிடப்பட்டது. ராய் ஹாக்கெட், ஓவன் ஹென்றி, பால் ஸ்டீபன்சன் முதலியோர் பேருந்துகளைப் புறக்கணிக்குமாறு மக்களை அழைத்தனர். நான்கு மாதப் போராட்டத்தின் பயனாக ஆகஸ்ட் 28 அன்று தடை நீங்கியது. வேலைவாய்ப்பில் இனவேற்றுமையைத் தடுக்கும் சட்டம் பிறந்ததோ 1968-இல்தான்; மக்கள் முன்னே நடந்தனர், சட்டம் பின்னே வந்தது.

அச்செப்டம்பரில் வெள்ளையரல்லாத முதல் நடத்துநராகப் பொறுப்பேற்றவர், இந்தியாவில் பிறந்த ரக்பீர் சிங் என்னும் சீக்கியர். உரிமை கேட்டு நின்றவர் கறுப்பர். திறந்த வாயிலில் முதலில் நுழைந்தவர் இந்தியர். அந்நன்றிக்கடன் நமக்கும் உண்டு.