மைசூர் ஈந்த பெயர்

தமிழ்நாட்டில் 'வானொலி' என்று கேட்டு வளர்ந்த நாம், வெளிமாநிலம் வந்தபின் 'ஆகாசவாணி' என்னும் சொல்லுக்குச் செவி பழகினோம். அது டில்லியில் முதலில் ஒலித்த பெயரன்று. 1935-இல் மைசூர் மகாராஜா கல்லூரியின் உளவியற் பேராசிரியர் எம். வி. கோபாலசுவாமி தம் இல்லத்திலேயே ஒலிபரப்பு நிலையம் ஒன்றை அமைத்தார். ஒரு மின்விளக்கை எரிக்கும் அளவு ஆற்றலே உடைய அச்சிறு நிலையம் 'ஆகாசவாணி' எனப் பெயர் பெற்றது. பின்னர் அதனை மைசூர் அரசு ஏற்று நடத்தியது. 1950-இல் அகில இந்திய வானொலியுடன் அது இணைந்தது. 1955-இல் பெங்களூர் நிலையம் எழவே மைசூரின் குரல் ஓய்ந்தது. மீண்டும் ஒலிக்கப் பல்லாண்டுகள் ஆயின. இதற்கிடையே அதன் பெயரோ நாடு முழுமைக்கும் உரியதாயிற்று. பிறந்த ஊரைப் பிரிந்து பிறவூர்களில் வாழ்வு பெற்ற அப்பெயரை நாம் அயலாக எண்ணுதல் எங்ஙனம்?