வண்ணச் சாளரத் தொழிலும் முனிச் நகரத்து மேயர் குடும்பமும்

மயிலாப்பூரை அடுத்த சாந்தோமில் 1896-ம் ஆண்டு கோதிக் முறையில் புதுப்பித்துக் கட்டப்பெற்ற தேவாலயத்தினுள் சென்றவர்கள், அதன் வண்ணக் கண்ணாடிச் சாளரங்களை வியவாது திரும்பியிரார். சேப்பாக்கத்தில் சிஸம் துரை அமைத்து 1879-ல் முடிவுற்ற செனட் மண்டபத்திலும் இவ்வகைக் கண்ணாடிகள் உண்டு. இவற்றைக் கண்டு புகழ்வோர் பலர். எங்ஙனம் செய்தனர் என்று வினவுவோர் சிலரே. உளியும் உலையும் பரம்பரைச் சொத்தாகக் கொண்ட நம் விசுவகர்ம குலத்தார்க்கேனும் அவ்வினா எழுதல் இயல்பாதலின், இத்தொழிலில் உலகப் புகழ் எய்திய ஒரு குடும்பத்தின் சரித்திரத்தை ஈண்டுச் சுருங்க உரைப்போம்.

ஐரோப்பாவில் மத்திய காலத்தே செழித்த இக்கலை, பின்னர்ச் சில நூற்றாண்டுகள் நலிந்து கிடந்தது. பவேரியா தேசத்து அரசன் முதலாம் லுட்விக் 1827-ல் முனிச் நகரத்தில் ராஜாங்கக் கண்ணாடிச் சித்திரசாலை ஒன்றை நிறுவி அதற்குப் புத்துயிர் தந்தான். அந்நகரத்திலேயே 1847-ல் ஜோசப் காப்ரியேல் மேயர் என்பார் ஒரு கிறிஸ்தவக் கலை நிலையத்தைத் தொடங்கினார். முதலில் பீடங்களும் திருவுருவங்களுமே அங்குச் செய்யப்பட்டன. கண்ணாடிப் பகுதி 1860-ல் தான் ஏற்பட்டது. மகன் பிரான்ஸ் மேயர் காலத்தில் தொழில் கடல் கடந்தது. 1865-ல் லண்டனிலும், 1888-ல் நியூயார்க்கிலும் கிளைகள் தோன்றின. இடையே 1882-ல் ராஜாங்கக் கலை நிலையம் என்னும் பட்டமும் கிடைத்தது.

மருமகன் பிரான்ஸ் சேவியர் செட்லர் 1870-ல் பிரிந்து சென்று தனியே ஒரு சாலை நிறுவினார். மாமன் பட்டறையில் கை பழகிய மருமகன் எதிர்த் தெருவில் கடை வைப்பது நம்மூர்க்கும் புதிதன்று. போட்டியால் இருவரும் கெட்டாரல்லர்; இருவர் வேலையும் முனிச் பாணி என்ற ஒரே பெயரால் உலகெங்கும் விற்பனையாயிற்று. பிரிந்த இரண்டு சாலைகளும் 1939-ல் மீண்டும் ஒன்றாயின.

இனித் தொழிலின் முறையைக் கேண்மின். முதற்கண் சாளரத்தின் முழு அளவிலே காகிதத்தில் சித்திரம் வரைவர். அதன்படி ஒவ்வொரு நிறத்துக்கும் ஒவ்வொரு கண்ணாடித் துண்டை அறுப்பர். நிறம் மேலே பூசப்பட்டதென்று பலர் கருதுகின்றனர். அது பெரும்பாலும் கண்ணாடியை உருக்கும் பொழுதே உலோகச் சத்துக்களால் ஊட்டப்படுவது. கோபால்ட் நீலம் தரும். மாங்கனீஸ் ஊதா தரும். செம்பும் பொன்னும் சிவப்புத் தரும். செப்புச் சிவப்புக் கனத்தால் கறுத்துவிடுமாதலின், வெண்கண்ணாடியின் மேல் மெல்லிய படலமாகவே அதனை ஏற்றுவர். முகம், விரல், ஆடை மடிப்பு ஆகியவற்றை மட்டும், அரைத்த கண்ணாடியும் உலோகத் துகளும் கலந்த கருமையால் தூரிகைகொண்டு எழுதி, ஏறக்குறைய 600 டிகிரி சூட்டில் உலையிலிட்டுச் சுடுவர். அங்ஙனம் சுட்ட கோடு மழைக்கும் கரையாது. வெள்ளிச் சத்தைப் பின்புறம் தடவிச் சுட்டால் பொன்மஞ்சள் பிறக்கும். பின்பு, இருபுறமும் பள்ளமுள்ள காரீயக் கம்பிகளில் துண்டுகளைச் செருகிக் கோத்து, மூட்டுகளில் வெள்ளீயமும் காரீயமும் சேர்ந்த பற்றாசு வைத்து இணைத்து, சந்துகளை மக்கு அடைத்து முடிப்பர். பொடி வைத்து ஊதும் நம் தட்டாரும், வார்ப்படம் வார்க்கும் நம் கன்னாரும், ஸ்தபதியின் ஓவியக் கையும் ஓரிடத்திற் கூடினாற் போன்ற வேலை இது. முனிச்சாரின் தனிச் சிறப்பு, பெரிய துண்டுகளில் நுணுக்கமாக எழுதி, ஈயக் கோடு கண்ணை உறுத்தாதபடி ஆடையின் ஓரத்திலும் உருவத்தின் விளிம்பிலும் மறைத்தது.  அது கண்ணாடியின் இயல்பை மறந்து துணிச்சித்திரத்தைப் பின்பற்றுவதெனப் பழித்தவர்களும் உளர். அப்பழி முற்றும் பொய்யென்று நாம் சொல்லமாட்டோம். எனினும் அம்முகங்களின் கனிவை வேறெங்குக் காண்பது?

1914-ல் மூண்ட போர் ஜெர்மனியின் கடல் வியாபாரத்தை முறித்தது. நாளடைவில் மக்களின் ருசியும் மாறிற்று. பல சாலைகள் மூடுண்ட போழ்து, மேயர் குடும்பத்தார் பதிகல் சித்திர வேலையையும் மேற்கொண்டு பிழைத்தனர். நியூயார்க் சுரங்க ரயிலின் 72-ம் தெரு நிலையத்தில் 2017-ல் திறக்கப்பட்ட பதிகல் மனித உருவங்கள் அவர்கள் செய்தவையே. நிலையம் இன்றும் அக்குடும்பத்தார் கையிலேயே உளது.

நம் சென்னையில் ஹன்டர் என்னும் வைத்தியர் 1850-ல் தொடங்கிய கலைத்தொழிற் பள்ளியில் பலவகைக் கைத்தொழில்கள் கற்பிக்கப்பட்டன. ஆயினும் வண்ணச் சாளரம் தலைமுறை தலைமுறையாக வரும் குடும்பத் தொழிலாக இங்கு வேரூன்றவில்லை. இதனை நினைப்பூட்டக் காரணம் ஒன்றுண்டு. கண்ணாடி பல நூற்றாண்டு நிற்கும்; அதனைத் தாங்கும் காரீயமோ ஏறக்குறைய நூறாண்டிலே களைத்து வளைந்துவிடும். அப்பொழுது சாளரத்தை இறக்கி, துண்டு துண்டாகப் பிரித்துக் கழுவி, புதுக் கம்பியிற் கோத்தாக வேண்டும். செனட் மண்டபம் நூறாண்டைக் கடந்து நெடுநாளாயிற்று. காரீயமும் பற்றாசும் கையாளத் தெரிந்த நம் இளைஞர் சிலரேனும் இவ்வேலையைக் கற்கப் புகுவாராயின், முதற் பாடத்துக்கு முனிச் வரை போக வேண்டுவதில்லை. அம்மண்டபத்துச் சாளரத்தின் உட்புறத்தே நின்று ஈயக் கோடுகளை ஒரு மணி நேரம் பார்த்து வரைந்து வரலாம்.