கீறித் தந்த தோம்பு

தோம்பு எண்ட சொல் எங்கட காணிக் கதைகளுக்குள்ள போர்த்துக்கேயரோட வந்தது. 1619இல் யாழ்ப்பாணத்தைப் பிடிச்சவர்கள் வரிக்காகக் காணிகளைப் பதிந்தார்கள். 1658இல் வந்த ஒல்லாந்தர் அதை இன்னும் இறுக்கமாகச் செய்தார்கள்: காணிக்கு ஒரு தோம்பு, ஆட்களுக்குத் தலைத்தோம்பு. ஆருக்கு எவ்வளவு நிலம், ஆர் என்ன வரியும் ஊழியமும் தரவேணும், இதுதான் அவர்களின் கேள்வி. அந்தக் காலக் குடாநாட்டைப் படிக்க விரும்புகிற நாங்கள் இண்டைக்கும் அந்தக் கணக்குகளுக்குத்தான் போகவேண்டிக் கிடக்கு.

யாழ். பல்கலைக்கழகத்தில் கலைவரலாறு படிப்பிக்கும் ஓவியர் தா. சனாதனன் 2011இல் ‘தி இன்கம்ப்ளீட் தோம்பு’ எண்டு ஒரு புத்தகம் கொண்டுவந்தார். முழுமையடையாத தோம்பு. போரால் வீடிழந்த 80 பேரிடம், உங்கட வீட்டை ஞாபகத்தில இருந்து கீறித் தாங்கோ எண்டு கேட்டு வாங்கியவை அதில் இருக்கு. ஒவ்வொருவருக்கும் முதலில் அவரின் கைக்கீறலும் கதையும். பிறகு கட்டடக்கலைஞர் ஒழுங்காக்கிய வரைபடம். கடைசியில் சனாதனனின் ஓவியம். சினிமாவில ஒரு காட்சி கரைஞ்சு அடுத்தது வாற மாதிரி, ஒரே வீடு மூன்று தரம் வருது. எனக்குப் பிடிச்சது முதலாவதுதான். கட்டடக்கலைஞரின் கோடு நேரானது, ஆனால் கை நடுங்கின இடம் அதில் இல்லை.

கீறினவர்களில் தமிழரும் இருக்கினம், முஸ்லிம்களும் இருக்கினம். 1990 ஒக்டோபரில் புலிகள் வெளியேற்றின வடக்கு முஸ்லிம்களைப் பற்றி எங்கட இடம்பெயர்வுக் கதைகள் பெரும்பாலும் வாய் திறக்கிறேல்லை. இங்க எல்லாருடைய வீடும் ஒரே கட்டுக்குள்ள கிடக்கு. இந்தப் புத்தகத்தில பெரிய விசயம் எண்டு நான் நினைக்கிறது இதைத்தான்.

ஞாபகத்தை நம்பி வரலாறு எழுதலாமோ எண்டு கேட்பினம். ஒல்லாந்தரின் கணக்கப்பிள்ளையும் ஊராக்கள் வாயால சொன்னதைக் கேட்டுத்தானே எழுதியிருப்பார்? வரிக்குப் பயந்தவன் காணியைக் குறைச்சுச் சொல்லியிருக்க மாட்டானோ? கடுதாசி பழசாகினவுடன அது உண்மையாகிவிடாது.

அளவெட்டிக்காரருக்கு இது தூரத்துக் கதையில்லை. எங்கட ஊர் வலிகாமம் வடக்கைச் சேர்ந்தது. 1990இல் மயிலிட்டி, பலாலிப் பக்கத்தால வெளிக்கிட்ட சனத்தின் காணிகள் உயர் பாதுகாப்பு வலயத்துக்குள் போனது. மயிலிட்டித் துறைமுகப் பகுதியே 27 வருசம் கழிச்சு, 2017இல்தான் திரும்பக் கிடைச்சது. வேலியும் வீடும் அழிஞ்ச வளவில் நிற்கிற ஆளுக்கு, எத்தனை பரப்பு, எல்லை எது எண்டு உறுதி சொல்லும். குசினி எந்தப் பக்கம் இருந்தது, சாமியறைக் கதவு எங்கால திறந்தது எண்டு அது சொல்லாது.

அப்ப முப்பது வயசில வெளிக்கிட்டவைக்கு இப்ப அறுபது தாண்டியிட்டுது. அவையிட்ட கேக்கப் போறதுக்கு ஒரு வெள்ளைத்தாளும் பென்சிலும் காணும்.